புரொபசரம்மாவிடம் கேட்ட கேள்வி

பதினேழு நிபுணர்களின் நாற்காலியில் நான் உட்கார்ந்திருக்கிறேன். பெருமைக்காகச் சொல்லவில்லை, என் உத்தியோகம் அப்படி. எண்பதுகளின் தொடக்கத்தில் தில்லியில் ஒரு சின்ன ஆவணப்பட நிறுவனத்தில் வேலை பார்த்தேன். அரசுத் துறைகளுக்குப் படம் எடுத்துக் கொடுக்கும் நிறுவனம். எங்களிடம் இருந்தது ஒரே ஒரு கேமரா. பேட்டியின்போது அது நிபுணரின் முகத்தை மட்டும் பார்த்துக்கொண்டிருக்கும். கேள்வி கேட்கும் டைரக்டரின் முகமும் படத்தில் வரவேண்டுமே, அதற்காக ஒரு ஏற்பாடு உண்டு. பேட்டி முடிந்து இரண்டு வாரம் கழித்து, எங்கள் ஆபீசிலேயே ஒரு திரைச்சீலையை இழுத்துவிட்டு, டைரக்டர் அதே கேள்விகளை மறுபடியும் கேட்பார். கேமரா இப்போது அவரைப் பிடிக்கும். வெறும் நாற்காலியைப் பார்த்துக் கேட்டால் கண் அலைபாயும் என்பதால் நிபுணரின் இடத்தில் நான் உட்கார வேண்டும். டைரக்டர் என் இடது காதைப் பார்த்தபடி நாட்டின் எதிர்காலத்தைப் பற்றிக் கவலையோடு விசாரிப்பார். நான் வாயைத் திறக்கக் கூடாது. நான் சொல்லாத பதிலுக்கு அவர் ஆழ்ந்த யோசனையுடன் தலையாட்டுவார். பிறகு எடிட்டிங் மேஜையில் இரண்டையும் வெட்டி ஒட்டினால், இருவரும் எதிரெதிரே உட்கார்ந்து பேசியது போலவே இருக்கும்.

வரதட்சணை, குழந்தைத் தொழிலாளர், குடும்பக் கட்டுப்பாடு, குடிசை அகற்றல் என்று தொட்டால் சண்டை வரும் விஷயங்களைத்தான் எங்களுக்குக் கொடுப்பார்கள். சண்டை வரும் விஷயத்துக்கு நிபுணர் வேண்டும். நிபுணருக்குப் பின்னால் புத்தக அலமாரி வேண்டும். ஒருவர், நாங்கள் விளக்கைச் சரிசெய்து கொண்டிருந்தபோது, தான் எழுதிய புத்தகத்தை உருவி அட்டை தெரியும்படி தன் தோளுக்கு நேராக நிறுத்தி வைத்தார். இன்னொருவர் கேள்வி எதுவானாலும் ஒரு பக்கம் இப்படி, மறுபக்கம் அப்படி என்று இரண்டு கைகளையும் மாறி மாறிக் காட்டுவார். அவர் பேச்சை எங்கே வெட்டினாலும் ஒரு கை அந்தரத்தில் தொங்கும். இருபது நிமிடம் பேசுவார்கள். படத்துக்கு வேண்டியது அரை நிமிடம். அவர்கள் சொன்னதை வார்த்தைக்கு வார்த்தை எழுதிவைப்பது என் வேலை. ஒரு வருஷத்துக்குள் எனக்கு ஒரு திறமை கைவந்துவிட்டது. கை எழுதும், காது கேட்காது. அந்தத் திறமைதான் என்னைக் கவிழ்த்தது.

அந்த வருஷம் நகரை அழகாக்கும் வேலைகள் மும்முரமாக நடந்தன. ரயில் பாதைக்கும் பெரிய சாக்கடைக்கும் நடுவே தமிழர்களின் குடிசைகள் ஒரு முந்நூறு இருந்தன. தென்னார்க்காட்டிலும் சேலத்திலும் இருந்து கட்டட வேலைக்கும் வீட்டு வேலைக்கும் வந்தவர்கள். அவர்களை ஊருக்கு வெளியே, பஸ் போகாத இடத்துக்கு அனுப்ப ஒரு துறை நினைத்தது. படம் எடுக்கச் சொன்னதும் அதே துறைதான். சரோஜினி நகரில் எங்கள் குவார்ட்டர்ஸில் பாத்திரம் தேய்க்க வந்த அக்கா அந்தக் குடிசைகளில்தான் இருந்தாள். விழுப்புரம் பக்கத்துக்காரி. காலையில் நான்கு வீடு, சாயங்காலம் மூன்று வீடு. ஊருக்கு வெளியே தூக்கிப் போட்டால் அந்த ஏழு வீடும் போய்விடும். இது எனக்கு நன்றாகவே தெரியும். தெரிந்துகொண்டே ஆபீசுக்குப் போய் அது யாரோ வேறு ஜனங்களைப் பற்றிய படம் போல வேலை பார்த்தேன். ஏன் என்று இன்றைக்கும் என்னால் விளக்க முடியவில்லை.

அந்தப் படத்துக்கு வந்த நிபுணர்களில் ஒருவரைத்தான் அந்தக் குடிசைகளில் எல்லோரும் புரொபசரம்மா என்றார்கள். பல்கலைக்கழகத்தில் சமூகவியல் நடத்தியவர். கோயமுத்தூர்க்காரர். முப்பது வருஷம் தில்லியில் இருந்தும் அவர் தமிழில் ஊர் வாடை போகவே இல்லை. ஞாயிற்றுக்கிழமை தவறாமல் குடிசைகளுக்குப் போய், யார் வீட்டில் ரேஷன் கார்டு இல்லை, எந்தப் பிள்ளையைப் பள்ளியில் சேர்க்கவில்லை என்று பார்த்து, மனு எழுதி, ஆபீஸ் ஆபீசாக அலைந்து சண்டை போடுவார். அதனால் அவர் சொல்லுக்கு அங்கே ஒரு மதிப்பு இருந்தது. அவரைப் பேட்டி எடுக்கப் போன வீட்டில் அலமாரியே இல்லை. புத்தகங்கள் கட்டிலுக்கு அடியில் டிரங்குப் பெட்டிகளில் இருந்தன. எங்கள் கேமராமேன் நொந்துபோய் ஒரு பூந்தொட்டியை எடுத்து வந்து வைத்தார். புரொபசரம்மா அதை எடுத்து மறுபடியும் வெயிலில் வைத்துவிட்டு வந்து உட்கார்ந்தார்.

பேட்டிக்கு முன் எல்லா நிபுணர்களிடமும் டைரக்டர் ஒன்று சொல்வார். கேள்வியையும் சேர்த்துப் பதில் சொல்லுங்கள், அப்போதுதான் தனியாக வெட்டி எடுத்தாலும் அர்த்தம் இருக்கும் என்பார். அவர் பஞ்சாபி, நல்ல மனிதர். எல்லோரும் சரி என்பார்கள். புரொபசரம்மா மட்டும் இந்தியில் மறுத்தார். கேள்வி உங்களுடையது, பதில் என்னுடையது, உங்கள் வேலையையும் சேர்த்து நான் ஏன் செய்ய வேண்டும் என்றார். டைரக்டர் சாப் சிரித்துக்கொண்டு விட்டுவிட்டார். புரொபசரம்மாவிடம் இன்னொரு பழக்கமும் இருந்தது. கேள்வி கேட்டதும் உடனே பேச மாட்டார். கேட்டவரை நிதானமாகப் பார்த்துவிட்டுத்தான் வாயைத் திறப்பார். ஃபிலிம் ஓடும் சத்தம் எங்கள் எல்லோர் வயிற்றிலும் கேட்கும்.

பேட்டி முடியும் தறுவாயில் ஒலிப்பதிவாளர் ஹெட்ஃபோனைத் தட்டி எனக்குச் சைகை காட்டினார். சமையலறையில் ஃபிரிட்ஜ் முனகிக்கொண்டிருந்தது. படப்பிடிப்புக்கு முன் அதை நிறுத்த வேண்டியது நான், மறந்திருந்தேன். பூனை மாதிரி உள்ளே போனேன். பிளக் ஃபிரிட்ஜுக்குப் பின்னால் சுவரோடு சுவராக இருந்தது. கையை நுழைத்து, தூசியைத் தடவி, ஒருவழியாகப் பிடுங்கிவிட்டுத் திரும்பி வந்தபோது புரொபசரம்மா பதில் சொல்லத் தொடங்கியிருந்தார். “நிச்சயமாக. இதில் யோசிக்க ஒன்றுமே இல்லை. தள்ளிப்போடத் தள்ளிப்போட அவர்களுக்குத்தான் கஷ்டம்.” ‘ஜரூர்’ என்று தொடங்கி, எல்லாம் இந்தியில் சொன்னார். உட்கார்ந்து எழுதிக்கொண்டேன். கேள்விக்கு உரிய இடத்தில் என் நோட்டில் வெற்றிடம். பிறகு கேட்டு எழுதிக்கொள்ளலாம் என்று விட்டேன். ஃபிரிட்ஜில் இருந்த பால் கெட்டுவிடுமோ என்பதுதான் அப்போது என் கவலை.

இரண்டு வாரம் கழித்து, அவருடைய நாற்காலியாக நினைத்துக்கொள்ள வேண்டிய ஆபீஸ் நாற்காலியில் நான் உட்கார்ந்தேன். அன்று ஒரே மூச்சில் மூன்று நிபுணர்களுக்கான கேள்விகள். டைரக்டர் சாப் ஒவ்வொன்றாக என்னிடம் கேட்டுக்கொண்டு திரும்பச் சொன்னார். “அச்சா, மேடத்திடம் கடைசியாக என்ன கேட்டேன்?” என்றார். நோட்டைப் பார்த்தேன். வெற்றிடம். தெரியாது என்று சொல்லியிருக்கலாம், ஒரு நிமிட வேலை. ஆனால் விளக்கு எரிகிறது, எல்லோரும் காத்திருக்கிறார்கள், ஏற்கனவே ஃபிரிட்ஜ் விஷயத்தில் வாங்கிக் கட்டிக்கொண்டிருந்தேன். துறை ஒப்புதல் கொடுத்த, தட்டச்சு செய்த கேள்வித்தாள் கோப்பில் இருந்தது. அதில் கடைசிக் கேள்வியைப் படித்தேன். “இந்த மக்களை நகருக்கு வெளியே கொண்டுபோய்க் குடியமர்த்துவது அவசியம்தானா?” டைரக்டர் சாப் என் காதைப் பார்த்து அதை அழகாகக் கேட்டார், தலையும் ஆட்டினார்.

எங்கள் எடிட்டர் வங்காளி, எல்லோருக்கும் தாதா, அதாவது அண்ணன். தன்னிடம் வந்ததை வந்தபடி வெட்டி ஒட்டினார். புரொபசரம்மாவின் இருபது நிமிடத்தில் அந்தக் கடைசிப் பதில்தான் கச்சிதமாக இருந்தது. அதை எடுத்துக்கொண்டு மற்றதைக் கழித்துவிட்டார். படம் ஏறக்குறைய முடிந்தது. வியாழக்கிழமை துறை அதிகாரிகளுக்குப் போட்டுக் காட்ட வேண்டும்.

அந்த வாரத் திங்கட்கிழமை காலை. நான் டீ குடித்துக்கொண்டிருந்தேன். அக்கா முற்றத்துக் குழாயடியில் பாத்திரங்களைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். வழக்கத்துக்கு மாறாக முகத்தில் ஒரு களை.

“பாப்பா, நீங்க எடுக்குற படத்துல எங்க புரொபசரம்மாவும் பேசியிருக்காங்களாமே” என்றாள்.

“ஆமாக்கா.”

“எங்கள இங்கயே வுட்டுடணும்னு சொல்லிட்டாங்களாம். சர்க்காரு ஆளுங்களே கேட்டாங்களாம், அங்கயே வெச்சிரலாமான்னு. ஜரூர்னு சொன்னேன், யோசிக்கவே வாணாம்னு சொன்னேன்னாங்க. வியாழக்கெழம எங்கள்ல நாலு பேத்தக் கூட்டிக்கினு வராங்க பாக்குறதுக்கு.”

டீ டம்ளரைச் சட்டென்று கீழே வைத்தேன். அந்தப் பதிலை நான் எழுதியிருந்தேன், தட்டச்சும் செய்திருந்தேன், எடிட்டிங் மேஜையில் பத்துத் தடவையாவது ஓட விட்டிருந்தேன். அந்த நிமிடம்தான் முதல் முறையாகக் கேட்டேன். ஊருக்கு வெளியே அனுப்புவது அவசியமா? நிச்சயமாக, யோசிக்க ஒன்றுமே இல்லை. எதற்காக அவர் வருஷக்கணக்காக ஆபீஸ் ஆபீசாக ஏறி இறங்கினாரோ, அதற்கு நேர் எதிரானதை அவர் வாயாலேயே சொல்ல வைத்திருந்தேன். அதைப் பார்க்க அந்த நாலு பேரையும் அவரே கையோடு அழைத்து வரப்போகிறார். வியாழக்கிழமைக்குப் பிறகு எந்த முகத்தோடு அவர் அந்தக் குடிசைகளுக்குள் நுழைவார்? அக்கா சோப்புக் கையோடு என்னை ஏறிட்டுப் பார்த்து, “ஏன் பாப்பா, டீ சுட்டுருச்சா?” என்றாள்.

ஆபீசுக்கு ஓடினேன். பேட்டியின் அசல் ஒலி ஒரு ஸ்பூல் டேப்பில் இருக்கும். அதில் டைரக்டர் கேட்ட உண்மையான கேள்வி, தூரத்துக் குரலாகவாவது, விழுந்திருக்க வேண்டும். ஆனால் எங்கள் வழக்கப்படி, படத்துக்கு வேண்டிய பகுதிகளை நகல் எடுத்ததும் ஸ்பூல்களை அழித்து அடுத்த படத்துக்கு வைத்துக்கொள்வோம். அழித்ததற்கு அடையாளமாகப் பெட்டியின் மேல் சிவப்புப் பென்சிலால் ஒரு கோடு. அலமாரியைத் திறந்தால் வரிசையாகச் சிவப்புக் கோடுகள். ஒவ்வொரு பெட்டியாகப் புரட்டினேன். கீழ்த்தட்டில், கடைசியாக, கோடு விழாத ஐந்து பெட்டிகள் இருந்தன. ஒலிப்பதிவாளர் தங்கை கல்யாணத்துக்காக லக்னோ போயிருந்தார், மிச்சத்தை வந்து அழித்துக்கொள்ளலாம் என்று போட்டுவிட்டுப் போயிருக்கிறார். ஐந்தில் மூன்றாவது எங்களுடையது. அந்தத் தங்கை எங்கிருந்தாலும் நன்றாக இருக்க வேண்டும்.

தாதா டேப்பை ஓட விட்டார். ஃபிரிட்ஜின் முனகல். அது சட்டென்று நின்றது, நான் பிளக்கைப் பிடுங்கிய கணம் அது. பிறகு, எங்கோ கிணற்றுக்குள்ளிருந்து வருவது போல டைரக்டர் சாப்பின் குரல். “அப்படியானால் இவர்களை இப்போது இருக்கும் இடத்திலேயே குடியமர்த்த வேண்டும் என்கிறீர்களா?” தாதா மேஜை விளக்கைப் போட்டுவிட்டு என்னைப் பார்த்தார். நான் எல்லாவற்றையும் சொன்னேன்.

டைரக்டர் சாப்பிடமும் சொன்னேன். அவர் கத்தியிருந்தால் தேவலை. கேள்வித்தாளை எடுத்துப் பார்த்துக்கொண்டே இருந்தார். கேள்வியை மறுபடி படம் பிடித்துக் கழுவி எடுக்க நாள் இல்லை. படமும் ஒலியும் இன்னும் தனித்தனியாக இருந்ததால் தாதாவால் ஒன்று செய்ய முடியும். டைரக்டர் முகம் வரும் துண்டை எடுத்துவிட்டு, புரொபசரம்மா கேள்வியைக் கேட்டுக்கொண்டிருக்கும் முகத்தையே நீளமாக விட்டு, அதன்மேல் அந்தக் கிணற்றுக் குரலைப் போடலாம். ஆனால் அது துறை ஒப்புதல் கொடுத்த கேள்வி அல்ல. வியாழக்கிழமை அதிகாரி அதைக் கவனித்து வேண்டாம் என்றால் படம் அவர்கள் அலமாரியில் தூங்கும், எங்களுக்கு அடுத்த படம் வராது. இதையெல்லாம் டைரக்டர் சாப் எனக்குச் சொல்லவில்லை, அவர் முகத்தில் ஓடியது. கடைசியில், “தாதா, ஜல்தி” என்றார். என்னிடம், “மேடத்திடம் நீயே போய்ச் சொல்” என்றார்.

அதுதான் எனக்குத் தண்டனை. பஸ்ஸில் போகும்போது மன்னிப்புக் கேட்கும் வாக்கியங்களை மனதுக்குள் அடுக்கினேன். கதவைத் திறந்ததும் அத்தனையும் மறந்துபோய், உளறிக் கொட்டினேன். அவர் நான் முடிக்கும் வரை குறுக்கே பேசவில்லை. முடித்த பிறகும் பேசவில்லை. கேமரா முன்னால் செய்தது போலவே என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார். எனக்குக் கண்ணில் தண்ணீர் முட்டியது.

“ஏங் கண்ணு, அந்த டேப்பு இருக்குதல்லோ?” என்றார்.

“இருக்கு மேடம்.”

“அப்பறம் என்னத்துக்கு அழுகறே? கேள்வியச் சேத்துச் சொல்லுங்கன்னு அந்த மனுசன் படிச்சுப் படிச்சுச் சொன்னாரு. வீம்பு புடிச்சது நாந்தானே. சேத்துச் சொல்லியிருந்தா உன்ற ஃபிரிட்ஜு என்னத்தக் கெடுத்திருக்கும்?” சமையலறைப் பக்கம் போய்க்கொண்டே, “இருந்தாலும் உன்ற மேல எனக்குக் கோவந்தான். இல்லைங்கல. காப்பி குடிச்சுட்டுப் போ” என்றார். ஐ.என்.ஏ. மார்க்கெட்டில் வாங்கிய பொடி என்று சொல்லிக் கொடுத்தார். சர்க்கரை போடவில்லை. கோபத்தாலா, மறதியாலா தெரியவில்லை. நானும் கேட்கவில்லை.

அந்தக் குடிசைகள் பிறகு என்ன ஆயின என்று கேட்பவர்களுக்கு இங்கேயே சொல்லிவிடுகிறேன். இடிக்கவில்லை. பத்து வருஷத்துக்கு மேல் அங்கேயே இருந்தார்கள். அதற்கு எங்கள் படம் காரணம் என்று சொன்னால் என் வாய் வெந்துவிடும். கோப்புகள் மேஜை மாறின, அதிகாரிகள் ஊர் மாறினார்கள், புரொபசரம்மா மனு எழுதுவதை நிறுத்தவில்லை, அவ்வளவுதான். பிறகு ஒரு பகுதியினருக்கு வேறு இடத்தில் மனை கிடைத்தது. அக்காவின் மகள் விமான நிலையத்தில் வேலைக்குச் சேர்ந்து இப்போது தில்லியின் துவாரகாவில் இருக்கிறாள். புரொபசரம்மா காலமாகி வெகுநாளாயிற்று. நான் மயூர் விஹாரில் என் வீட்டு டி.வி.யில், எட்டுக் கட்டங்களுக்குள் எட்டு நிபுணர்கள் ஒரே நேரத்தில் கத்துவதைப் பார்க்கிறேன். யாரிடம் என்ன கேட்டார்கள் என்று ஒருவருக்கும் தெரிவதில்லை. கேள்வி முடிவதற்குள்ளேயே பதில் வந்துவிடுகிறது. புரொபசரம்மா வாயைத் திறப்பதற்கு முன் விட்ட அந்த இடைவெளி, அன்று எங்கள் ஃபிலிமைத் தின்ற அந்த மூன்று நான்கு நொடிகள், எவ்வளவு பெரிய மரியாதை என்று இப்போதுதான் புரிகிறது. கேட்டவருக்கும் மரியாதை, யாரைப் பற்றிக் கேட்டார்களோ அவர்களுக்கும் மரியாதை.

வியாழக்கிழமை. துறையின் சின்ன அரங்கில் நாற்பது நாற்காலிகள். முன் வரிசையில் அதிகாரிகள். கதவருகே காவலாளி அக்காவையும் மற்ற மூன்று பெண்களையும் தடுத்தார். “இவங்களும் இந்தப் படத்துல இருக்கறாங்க, நானும் இருக்கறேன். யாரு மொதல்ல போறது?” என்று இந்தியும் தமிழுமாகக் கேட்டுவிட்டு புரொபசரம்மா அவர்களை முன்னால் விட்டு உள்ளே வந்தார். நான் கடைசி வரிசையில் புடவைத் தலைப்பைச் சுருட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். விளக்கு அணைந்தது. குடிசைகள் வந்தன, சாக்கடை வந்தது, பின்னணிக் குரல் வந்தது. இரண்டு நிபுணர்கள் வந்து போனார்கள், ஒரு பக்கம் இப்படி, மறுபக்கம் அப்படி. பிறகு புரொபசரம்மாவின் முகம், பேசாமல், கேட்டுக்கொண்டு. அந்தக் கிணற்றுக் குரல் வந்தது. எடிட்டிங் அறையில் தெளிவாகக் கேட்டது, அரங்கத்தின் ஓட்டை ஒலிபெருக்கியில் வெறும் முணுமுணுப்பாகிவிட்டது. கேள்வியே இல்லாமல் பதில் மட்டும் வந்தால் என்ன ஆகும்? படம் முழுக்க வெளியே அனுப்புவதைப் பற்றித்தானே பேச்சு.

“இன்னா கேக்குறாங்க? ஒண்ணும் வெளங்கலயே” என்றாள் அக்கா, இருட்டில் எல்லோருக்கும் கேட்கும்படி.

மூன்றாவது வரிசையில் ஓர் உருவம் எழுந்து நின்றது. கேள்வியைத் திரும்பச் சொல்ல மாட்டேன் என்றவர், பின்பக்கம் திரும்பி, வகுப்பறைக் குரலில், “உங்களய இப்ப இருக்கற எடத்துலயே குடி வெக்கோணுமான்னு கேக்கறாங்க!” என்றார். அதையே இந்தியில் முன் வரிசைக்கும் ஒரு முறை சொல்லிவிட்டு உட்கார்ந்தார். திரையில் அவர் முகம் அதுவரை பொறுமையாகக் காத்திருந்தது. பிறகு சொன்னது, “ஜரூர்.”

அந்த நாலு பெண்களும் கைதட்டினார்கள். மிச்சப் பதில் அதில் அமுங்கிப்போனது. தாதா எனக்குப் பக்கத்தில் தொண்டையைச் செருமிக்கொண்டார்.

படம் முடிந்து விளக்கு வந்ததும் பெரிய அதிகாரி மூக்குக்கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே டைரக்டர் சாப்பிடம், முதலில் வரும் துறையின் பெயர் இன்னும் பெரிய எழுத்தில் இருக்கலாம் என்றார். அமைச்சர் மரம் நடும் காட்சி நன்றாக வந்திருக்கிறது என்றார். நான் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றேன். பிறகு அவர் தாளில் எழுதினார். பின்னாலிருந்து எட்டிப் பார்த்தேன். ஓரிடத்தில் ஒலி குறைவு, மற்றபடி ஆட்சேபம் இல்லை. கையெழுத்துப் போட்டார். ஒப்புதல் கொடுத்த கேள்வி எது, வந்த கேள்வி எது என்று அவரும் கேட்கவில்லை, நாங்களும் சொல்லவில்லை. டைரக்டர் சாப் என் பக்கம் திரும்பாமலேயே ஒரு பெரிய மூச்சு விட்டார்.

வெளியே வந்தேன். நல்ல குளிர்கால வெயில். மூன்று நாளாகப் பிடித்து வைத்திருந்தது எல்லாம் அவிழ்ந்து, படிக்கட்டில் உட்கார்ந்து தேம்பித் தேம்பி அழுதேன். அவ்வளவு நிம்மதியாக வாழ்க்கையில் நான் அழுததில்லை. புரொபசரம்மா என்னைத் தாண்டிப் போனார், போகிற போக்கில் தலையில் ஒரு தட்டுத் தட்டிவிட்டுப் போனார். அக்காவிடம் அவர் எதையும் சொல்லியிருக்கவில்லை, பிறகும் சொல்லவில்லை.

அக்கா மட்டும் நின்றாள். பக்கத்தில் குந்தி உட்கார்ந்து என் முகத்தைத் திருப்பினாள்.

“இன்னாத்துக்குப் பாப்பா அழுவுற? அம்மா நல்லாத்தான சொன்னாங்க எங்களப் பத்தி?”

“ஆமாக்கா” என்றேன். “நல்லாத்தான் சொன்னாங்க.”